கூடையில் ஆறு பிஸ்கட்: கடன் வாங்கும் முன் ஒரு கணக்கு

(வையம்பட்டி வட்டார மகளிர் குழு உறுப்பினர்கள் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



இன்றைக்கு ஒரு சின்ன மெஷினைப் பற்றிப் பேசச் சொல்லியிருக்கிறார்கள். ஏர் ஃபிரையர். டவுனில் மகன், மகள் வீட்டுக்குப் போனவர்கள் பார்த்திருப்பீர்கள். கறுப்பாக, குடம் மாதிரி, முன்னால் இழுக்கிற ஒரு கூடையோடு இருக்கும். "எண்ணெய் இல்லாமல் பொரிக்கலாம்" என்று சொல்லி விற்கிறார்கள். இப்போது நம்ம குழுக்களில், "அதிலே பிஸ்கட் சுட்டு விற்கலாமாம், உள்கடன் கொடுப்பீங்களா?" என்று கேட்கிறார்கள்.

கேட்பதில் தப்பே இல்லை. கடன் கொடுப்பதற்குத்தான் குழு. ஆனால் பத்து மாதம் தவணை கட்டப்போவது அந்த அக்காதான். அதனால் கடன் கேட்கிறவர், கொடுக்கிறவர் இரண்டு பேருக்கும் பயன்படுகிற மாதிரி மூன்று விஷயம் சொல்கிறேன். மெஷின் என்ன செய்யும், என்ன செய்யாது என்பது ஒன்று. பிஸ்கட் எப்படிச் சுடுவது என்பது இரண்டு. காசு நிற்குமா நிற்காதா என்பது மூன்று. மூன்றாவதுதான் முக்கியம். யாரும் பாதியில் எழுந்து போய்விடாதீர்கள்!

மெஷினுக்குள்ளே என்ன இருக்கு?

பெயரில்தான் பொரிப்பது இருக்கிறது. உள்ளே நடப்பது பொரிப்பது கிடையாது. மேலே ஒரு சூடாகும் கம்பிச் சுருள். அதோடு ஒரு விசிறி. விசிறி சூட்டுக் காற்றை வேகமாகக் கூடைக்குள் சுற்றவிடுகிறது. அவ்வளவுதான். பேக்கரியில் இருக்கிற அடுப்பையே குடம் அளவுக்குச் சுருக்கி, ஒரு விசிறியும் வைத்தால் அதுதான் ஏர் ஃபிரையர். பிலிப்ஸ் கம்பெனி இதை 2010-ல் முதன்முதலாகச் சந்தைக்குக் கொண்டுவந்தது. அதன் பிறகு பல கம்பெனிகள் செய்ய ஆரம்பித்துவிட்டன.

நாம் மணப்பாறை முறுக்கு ஊர்க்காரர்கள். 2023-ல் மணப்பாறை முறுக்குக்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. ஒரு தடவை அரைவேக்காட்டில் எடுத்து, ஆறவிட்டு, மறுபடி எண்ணெயில் போட்டு எடுக்கிற கைப்பக்குவம் நம்ம பக்கத்துப் பெண்களுக்குத் தண்ணீர் பட்ட பாடு. அதனால் உங்களுக்கு ஒன்றைச் சொன்னால் உடனே புரியும். முறுக்கு மாவை எண்ணெயில் போடும்போது, எண்ணெய் எல்லாப் பக்கமும் சூழ்ந்து ஒரே நேரத்தில் வேகவைக்கிறது. அந்த எண்ணெய்தான் மொறுமொறுப்பும் வாசனையும் தருகிறது. அதே பச்சை மாவை ஏர் ஃபிரையரில் வைத்தால் வெறும் காற்றில் காய்ந்து, பல் உடைகிற மாதிரி ஆகிவிடும். முறுக்குக்கு இந்த மெஷின் சரிப்படாது.

பிஸ்கட் அப்படி இல்லை. நெய்யோ வெண்ணெயோ ஏற்கெனவே மாவுக்குள்ளேயே இருக்கிறது. அதற்கு வேண்டியது வறண்ட சூடு மட்டும். பொரிக்கிற மெஷின் என்று பெயர் வைத்திருந்தாலும், பொரிப்பதைவிடப் பிஸ்கட் சுடத்தான் இது பொருத்தம்.

வாங்கும் முன் பிளக்கைப் பாருங்கள்

பெரும்பாலான மெஷின்கள் 1400, 1500 வாட் இழுக்கும். 230 வோல்ட்டில் 1500 வாட் என்றால் ஆறரை ஆம்பியர். நம்ம வீட்டில் லைட், ஃபேன் சுவிட்சோடு இருக்கிற சின்ன பிளக் ஆறு ஆம்பியருக்குத்தான். அதில் மாட்டினால் பிளக் சூடாகி உருகும். மாவு மில், கிரைண்டர், ஹீட்டர் போடுகிற பெரிய பிளக், அதாவது 16 ஆம்பியர் பிளக்கில்தான் மாட்ட வேண்டும். எர்த் ஒயர் இருக்க வேண்டும். எக்ஸ்டென்ஷன் பாக்ஸ் வேண்டாம். உங்கள் வீட்டில் பெரிய பிளக் இல்லையென்றால், எலக்ட்ரீசியன் கூலியையும் மெஷின் விலையோடு சேர்த்துக் கணக்குப் போடுங்கள்.

இன்னொன்று வோல்டேஜ். சாயங்காலம் மோட்டார் ஓடும்போது, எல்லா வீட்டிலும் லைட் எரியும்போது கரண்ட் இறங்குகிறது இல்லையா? 230 இருக்க வேண்டிய இடத்தில் 190 வந்தால், சூடு மூன்றில் ஒரு பங்கு குறைந்துவிடும். புத்தகத்தில் பத்து நிமிஷம் என்று போட்டிருக்கும். உங்கள் வீட்டில் பதினான்கு நிமிஷம் ஆகும். அதனால் கடிகாரத்தை மட்டும் நம்பக் கூடாது. கண்ணும் மூக்கும்தான் கணக்கு. முடிந்தால் காலையில், வோல்டேஜ் சரியாக இருக்கும் நேரத்தில் சுடுங்கள்.

மெஷினைச் சுவரோடு ஒட்டி வைக்காதீர்கள். பின்பக்கமாகச் சூட்டுக் காற்று வெளியே வரும். ஒரு சாண் இடைவெளி விடுங்கள். ஓலைத் தடுப்பு, சாக்கு, மண்ணெண்ணெய் எதுவும் பக்கத்தில் இருக்கக் கூடாது. கூடையில் ஒட்டாத பூச்சு பூசியிருக்கும். கம்பி நாரால் தேய்த்தால் போய்விடும். துணியும் சோப்பும் போதும்.

கேழ்வரகு நெய் பிஸ்கட்

நம்ம வட்டாரம் மானாவாரி பூமி. கம்பும் சோளமும் கேழ்வரகும் நமக்குப் புதுசு இல்லை. 2023-ஐ உலகச் சிறுதானிய ஆண்டு என்று ஐக்கிய நாடுகள் சபை அறிவித்தது. அதிலிருந்து டவுனில் சிறுதானியப் பலகாரத்தைத் தேடி வாங்குகிறார்கள். மைதா பிஸ்கட்டில் பெரிய கம்பெனியோடு நாம் விலைப் போட்டி போட முடியாது. அதனால் கேழ்வரகில் ஆரம்பிப்போம். முட்டை சேர்க்க வேண்டாம். ஸ்ரீரங்கம், திருச்சிப் பக்கம் முட்டை சேர்க்காத பலகாரம் கேட்கிறவர்கள் அதிகம்.

ஒரு தடவைக்கு அளவு:

கேழ்வரகு மாவு 75 கிராம்
கோதுமை மாவு 75 கிராம்
நெய் 80 கிராம்
நாட்டுச்சர்க்கரை 70 கிராம்
பேக்கிங் பவுடர் அரை டீஸ்பூன்
ஏலக்காய்த் தூள், ஒரு சிட்டிகை உப்பு
பால் ஒன்று அல்லது இரண்டு டேபிள்ஸ்பூன்

உழக்கு, டம்ளர், கைப்பிடி என்று அளக்காதீர்கள். வீட்டுச் சாப்பாட்டுக்குக் கைப்பிடி சரி. விற்பனைக்கு எடை மெஷின்தான் சரி. போன வாரம் வாங்கினவர் இந்த வாரமும் அதே ருசியை எதிர்பார்ப்பார்.

முதலில் கேழ்வரகு மாவை வெறும் வாணலியில், சின்னத் தீயில், வாசனை வருகிறவரை வறுங்கள். பச்சை வாடை போகும். நன்றாக ஆறட்டும். சூட்டோடு சேர்த்தால் நெய் உருகி மாவு தளர்ந்துவிடும். உறைந்த நெய்யையும் பொடித்துச் சலித்த நாட்டுச்சர்க்கரையையும் ஒரு கிண்ணத்தில் போட்டு, நிறம் வெளுக்கிறவரை கையால் தேயுங்கள். ஐந்து நிமிஷம் ஆகும். இந்த இடத்தில் அவசரப்படாதீர்கள். தேய்க்கும்போது உள்ளே போகிற காற்றுதான் பிஸ்கட்டைக் கல்லாகாமல் காப்பாற்றுகிறது.

இரண்டு மாவையும் பேக்கிங் பவுடர், உப்பு, ஏலக்காயோடு சேர்த்து ஒரு தடவை சலித்துக்கொள்ளுங்கள். நெய்க் கலவையில் கொட்டி விரல் நுனியால் சேருங்கள். சப்பாத்தி மாவு மாதிரி அழுத்திப் பிசையக் கூடாது. பிசைந்தால் கோதுமையில் இருக்கிற பசைச் சத்து இழுத்துக்கொண்டு பிஸ்கட் கெட்டியாகிவிடும். உருட்டினால் உதிராமல் நிற்கிற அளவுக்கு மட்டும் பால் தெளியுங்கள்.

"முழுக்கக் கேழ்வரகிலேயே செய்யலாமா?" என்று கேட்பீர்கள். செய்யலாம், ஆனால் உதிரும். கேழ்வரகில் அந்தப் பசைச் சத்து கிடையாது. பாதிக்குப் பாதி கோதுமை இருந்தால் பஸ்ஸில் எடுத்துக்கொண்டு போனாலும் தாங்கும். கம்பு மாவிலும் இதேபோலச் செய்யலாம். ஆனால் கம்பு மாவை அரைத்து வைத்தால் சில நாளிலேயே கசப்பு தட்டிவிடும். அன்றன்றைக்கு வேண்டியதை மட்டும் அரையுங்கள்.

மாவை 20 கிராம் உருண்டையாக எடை போட்டு உருட்டுங்கள். பதினைந்து உருண்டை வரும். லேசாகத் தட்டி, முள்கரண்டியால் மேலே ஒரு அழுத்து அழுத்துங்கள். வெயில் காலத்தில் மாவு தளர்ந்தால் கால் மணி நேரம் ஃபிரிட்ஜில் வையுங்கள்.

மெஷினை 160 டிகிரியில் மூன்று நிமிஷம் வெறுமனே ஓடவிடுங்கள். பிறகு கூடையில் பட்டர் பேப்பர் போட்டு, அதன் மேல் பிஸ்கட்டை அடுக்குங்கள். பேப்பரைக் கூடையின் அடியைவிடச் சின்னதாக வெட்டுங்கள். ஓரத்தில் காற்று போக வழி வேண்டும். பிஸ்கட் வைக்காமல் வெறும் பேப்பரை மட்டும் போட்டு மெஷினை ஓட்டவே கூடாது. விசிறிக் காற்றில் பேப்பர் பறந்து மேலே இருக்கிற சூட்டுக் கம்பியில் ஒட்டித் தீப்பிடிக்கும். இதை எல்லோரும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

நாலு லிட்டர் கூடையில் ஐந்து, ஆறு பிஸ்கட்தான் கொள்ளும். ஒன்றுக்கொன்று ஒரு விரல் இடைவெளி விடுங்கள். "இன்னும் ரெண்டு இடிச்சு வச்சுடலாமே" என்று தோன்றும். வைத்தால் காற்று சுற்றாது. ஓரம் கருகி நடு வேகாமல் நிற்கும்.

பத்திலிருந்து பன்னிரண்டு நிமிஷம் ஆகும். சூடு மேலேயிருந்து வருவதால் மேல்பக்கம் சீக்கிரம் சிவக்கும். கேழ்வரகு ஏற்கெனவே கருஞ்சிவப்பு நிறம். கண்ணுக்கு வித்தியாசம் தெரியாது. எட்டாவது நிமிஷத்தில் கூடையை இழுத்து ஓரத்தைப் பாருங்கள். ஓரம் லேசாக இறுகி, நெய் வாசனை வந்திருந்தால் இன்னும் இரண்டு நிமிஷம் போதும். எடுக்கும்போது மெத்தென்றுதான் இருக்கும். "வேகலையோ" என்று மறுபடி வைத்துவிடாதீர்கள். ஐந்து நிமிஷம் கூடையிலேயே விட்டு, பிறகு கம்பித் தட்டில் ஆறவைத்தால் தானே மொறுமொறுப்பாகும்.

புது மெஷினில் முதல் தடவை ஒரே ஒரு பிஸ்கட்டை மட்டும் வைத்துப் பாருங்கள். கம்பெனிக்குக் கம்பெனி சூடு மாறும். ஒரு பிஸ்கட் கருகினால் நெய்யோடு சேர்த்துச் சுமார் ஐந்து ரூபாய் போயிற்றா, போகட்டும். சின்ன மெஷினில் இருக்கிற பெரிய நன்மையே இதுதான். கொஞ்சமாகச் செய்து, பார்த்து, அளவை மாற்றி, மறுபடி செய்யலாம். பெரிய அடுப்பில் ஒரு தட்டு போனால் நாற்பது பிஸ்கட் போச்சு.

மெஷின் இல்லாமலே பழகலாம்

மெஷின் வாங்கினால்தான் கற்றுக்கொள்ள முடியும் என்று நினைக்காதீர்கள். கனமான இரும்புச் சட்டியிலோ, கேஸ்கட்டும் வெயிட்டும் எடுத்துவிட்ட பழைய குக்கரிலோ இரண்டு விரல் உயரத்துக்குச் சலித்த மணல் அல்லது கல் உப்பைப் போடுங்கள். மேலே ஒரு பிரிமணை மாதிரி இரும்பு வளையம். மூடிப் பத்து நிமிஷம் சூடேற்றுங்கள். நெய் தடவிய தட்டில் பிஸ்கட்டை வைத்து உள்ளே இறக்கி, மூடி, சின்னத் தீயில் இருபது நிமிஷம் பாருங்கள். நம்ம ஊர்களில் பல வீடுகளில் கேக் சுட்டது இப்படித்தான்.

கடன் கேட்கிற அக்கா இப்படி நாலு தடவை செய்து, குழுக் கூட்டத்துக்குக் கொண்டுவரட்டும். எல்லோரும் சாப்பிட்டுப் பார்ப்போம். "நல்லாருக்கு" என்று மனசுக்காகச் சொல்லாமல், உள்ளதைச் சொல்வோம். அதற்குப் பிறகு கடன் பேசலாம்.

இப்போது காசுக் கணக்கு

நான் சொல்கிற விலை உதாரணத்துக்கு. உங்கள் ஊர்க் கடை விலையைப் போட்டுத் திருத்திக்கொள்ளுங்கள். கேழ்வரகு மாவு கிலோ 60, கோதுமை மாவு 50, நெய் 700, நாட்டுச்சர்க்கரை 80 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம்.

கேழ்வரகு மாவு 75 கிராம்: ரூ.4.50
கோதுமை மாவு 75 கிராம்: ரூ.3.75
நெய் 80 கிராம்: ரூ.56
நாட்டுச்சர்க்கரை 70 கிராம்: ரூ.5.60
ஏலக்காய், பேக்கிங் பவுடர், பால்: ரூ.4.50

மொத்தம் சுமார் 74 ரூபாய். இதில் 56 ரூபாய் நெய்க்கே போகிறது, பார்த்தீர்களா?

பதினைந்து பிஸ்கட்டை மூன்று தடவையாகச் சுட வேண்டும். மெஷின் நாற்பது நிமிஷம் ஓடும். 1400 வாட் என்றால் ஒரு யூனிட்டுக்குக் கொஞ்சம் குறைவு. எட்டு ரூபாய் என்று போடுங்கள். "எங்களுக்கு யூனிட் கணக்கில் காசே வராது" என்று சொல்லி இதை விடாதீர்கள். தொழில் பெருகினால் வரும். பாக்கெட்டும் லேபிளும் மூன்றுக்கு 12 ரூபாய். ஆகமொத்தம் 94 ரூபாய்.

வெந்தபின் ஈரம் போய், 300 கிராம் மாவு சுமார் 270 கிராம் பிஸ்கட் ஆகும். பாக்கெட்டுக்கு ஐந்து வீதம், 90 கிராமில் மூன்று பாக்கெட். ஒரு பாக்கெட்டின் அடக்கம் 31 ரூபாய். இதில் உங்கள் கூலி இன்னும் சேரவில்லை.

ஒரு பாக்கெட்டை 70 ரூபாய்க்கு விற்பதாக வையுங்கள். கடைக்காரர் 20 சதவீதம் எடுத்துக்கொண்டால் உங்கள் கைக்கு 56 ரூபாய் வரும். அடக்கம் போக 25 ரூபாய் நிற்கும்.

மெஷினுக்கு 5000 ரூபாய் உள்கடன். பத்துத் தவணை. நூற்றுக்கு ஒரு ரூபாய் வட்டி. முதல் மாதம் 500 அசலும் 50 வட்டியும் சேர்த்து 550 கட்ட வேண்டும்.

வாரம் 5 பாக்கெட் விற்றால்: மாதம் 20 பாக்கெட், 500 ரூபாய் நிற்கும். தவணைக்கே 50 ரூபாய் பற்றாது.

வாரம் 6 பாக்கெட் விற்றால்: மாதம் 600 ரூபாய். தவணை கட்டலாம். ஆனால் நீங்கள் இனாமாக உழைத்ததாக அர்த்தம்.

வாரம் 15 பாக்கெட் விற்றால்: மாதம் 1500 ரூபாய். தவணை போக 950 ரூபாய் கைக்கு வரும்.

நாலு தடவை படியுங்கள் இந்தக் கணக்கை. கடன் கேட்க வருகிறவரிடம் நாம் கேட்க வேண்டிய கேள்வி இதுதான்: "வாரத்துக்கு 15 பாக்கெட் யார் வாங்குவாங்க? பேர் சொல்லுங்க." கோபத்தில் கேட்கிற கேள்வி கிடையாது இது. அக்கறையில் கேட்பது. "விற்கும்" என்பது பதில் ஆகாது. டீக்கடை ஒன்று, பள்ளிக்கூட ஆசிரியர்கள் நாலு பேர், வங்கியில் இரண்டு பேர், திருச்சியில் இருக்கிற உறவுக்காரர் மூலம் ஐந்து என்று விரல் விட்டு எண்ணிச் சொன்னால் அதுதான் பதில்.

நேரத்தையும் எண்ணுங்கள். மூன்று பாக்கெட்டுக்கு அளப்பது, பிசைவது, சுடுவது, கட்டுவது எல்லாம் சேர்த்து ஒன்றேகால் மணி நேரம் ஆகும். வாரம் 15 பாக்கெட் என்றால் ஆறேகால் மணி நேரம். மாதம் 25 மணி நேரம். 1500-ஐ 25-ஆல் வகுத்தால் மணிக்கு 60 ரூபாய். தவணை ஓடுகிறவரை மணிக்கு 38 ரூபாய்தான். கடைக்குக் கொடுக்காமல் நேரடியாக விற்றால் பாக்கெட்டுக்கு 39 ரூபாய் நிற்கும். அப்போது கூலி கட்டுப்படியாகும். அதனால் முதல் ஆறு மாதம் தெரிந்தவர்களுக்கு நேரடி விற்பனையே நல்லது.

பெரிய ஆர்டர் வந்தால்?

வளைகாப்புக்கு 50 பாக்கெட் வேண்டும் என்று ஒருவர் கேட்கிறார். சந்தோஷமாகத் தலையாட்டிவிடுவோம். நில்லுங்கள். 50 பாக்கெட் என்றால் 250 பிஸ்கட். கூடைக்கு ஆறு வீதம் 42 தடவை. தடவைக்குப் பன்னிரண்டு நிமிஷம் வைத்தால் எட்டரை மணி நேரம் மெஷின் நிற்காமல் ஓட வேண்டும். வீட்டு உபயோக மெஷின் அதற்கு ஆனது இல்லை. நடுவில் கரண்ட் போனால் வாக்கும் போகும். "இருபது பாக்கெட் தர்றேன், நாலு நாள் முன்னாடியே சொல்லுங்க" என்று சொல்லிப் பழகுங்கள். முடிகிறதைச் சொல்கிறவரிடம்தான் அடுத்த ஆர்டர் வரும்.

வாரம் 15 பாக்கெட் தவறாமல் மூன்று மாதம் விற்றால், அப்போது நாலைந்து பேர் சேர்ந்து பெரிய மின்னடுப்பைப் பற்றி யோசிக்கலாம். அதற்குள் கணக்கு நோட்டும், வாடிக்கையாளர் பெயரும், கைப்பக்குவமும் உங்களிடம் சேர்ந்திருக்கும். வங்கியில் கேட்கும்போதும் அந்த நோட்டுதான் பேசும். என்னைக் கேட்டால், ஏர் ஃபிரையர் பழகுவதற்கான கருவி. சைக்கிள் பழகக் குட்டி சைக்கிள் மாதிரி. அதிலேயே காலம் முழுக்க ஊர் போய்ச் சேர முடியாது.

குழுவுக்கே ஒரு மெஷின் வாங்கினால்

சில குழுக்கள் பொதுவாக ஒன்று வாங்கலாம் என்கின்றன. நல்ல யோசனை. ஆனால் பொதுச் சொத்தில்தான் மனஸ்தாபம் வரும். வாங்கும் முன்பே தீர்மானப் புத்தகத்தில் எழுதிவிடுங்கள். மெஷின் யார் வீட்டில் இருக்கும்? எத்தனை மாதத்துக்கு ஒரு முறை மாறும்? அந்த வீட்டின் கரண்டுக்கு ஒரு தடவைக்கு எவ்வளவு? பழுதானால் யார் செலவு? இல்லாவிட்டால், பெரிய பிளக் இருக்கிற வீட்டு அக்காவுக்கே மெஷின் சொந்தமாகிவிடும். ஓட்டு வீட்டில் இருக்கிற தங்கைக்கு முறையே வராது. பெரிய பிளக் இல்லாதவர் பாத்திரத்தோடு வந்து செய்துவிட்டுப் போக ஒரு பொது இடம், கூட்டமைப்புக் கட்டடம் மாதிரி, இருந்தால் இன்னும் நல்லது. ஒரு நோட்டில் தேதி, பெயர், எத்தனை தடவை, கட்டிய பணம் என்று கோடு போட்டு எழுதுங்கள்.

உண்மையான லேபிள்

விற்பனை என்று வந்துவிட்டால் சட்டம் உண்டு. 2006-ஆம் ஆண்டு உணவுப் பாதுகாப்பு மற்றும் தர நிர்ணயச் சட்டப்படி, வீட்டில் செய்து விற்கிறவர்களும் பதிவு செய்துகொள்ள வேண்டும். 14 இலக்க எண் கொடுப்பார்கள். அதைப் பாக்கெட்டில் போட வேண்டும். அதோடு பொருளின் பெயர், என்னென்ன சேர்த்திருக்கிறது, நிகர எடை, தயாரித்த தேதி, எதற்குள் சாப்பிட வேண்டும், விலை, உங்கள் முகவரி, சைவக் குறியான பச்சைப் புள்ளி எல்லாம் இருக்க வேண்டும். கோதுமை, பால் சேர்ந்திருப்பதைத் தெளிவாக எழுதுங்கள். சிலருக்கு ஒத்துக்கொள்ளாது.

நெய் விலை கூடுதலாக இருக்கிறதே என்று வனஸ்பதி போட்டுவிட்டு "நெய் பிஸ்கட்" என்று எழுதாதீர்கள். வனஸ்பதியில் இருந்த கெட்ட கொழுப்பு இதயத்துக்கு ஆகாது என்றுதான் 2022 முதல் அதன் அளவு நூற்றுக்கு இரண்டு என்று அரசு கட்டுப்படுத்தியது. நெய் கட்டுப்படியாகாவிட்டால் பாதி கடலை எண்ணெய் சேர்த்து, அப்படியே எழுதிவிடுங்கள். ருசி மாறும், பொய் இருக்காது.

இன்னொரு விஷயம். கேழ்வரகில் சுண்ணாம்புச் சத்து நிறைய. 100 கிராமில் 300 மில்லி கிராமுக்கு மேல் இருக்கிறது. அரிசியில் அதில் சிறு பங்குகூடக் கிடையாது. ஆனால் நம் பிஸ்கட்டில் சர்க்கரையும் நெய்யும் சேர்ந்தே இருக்கிறது. "சுகர்காரங்க தாராளமா சாப்பிடலாம்" என்று சொல்லி விற்காதீர்கள். நாட்டுச்சர்க்கரையும் சர்க்கரைதான். பலகாரத்தைப் பலகாரம் என்று சொல்லியே விற்போம்.

எத்தனை நாள் கெடாது என்பதை நீங்களே சோதித்துப் பாருங்கள். ஒவ்வொரு தடவையும் ஒரு பாக்கெட்டை எடுத்து வையுங்கள். ஏழாம் நாள், பத்தாம் நாள், பதினைந்தாம் நாள் ஒவ்வொன்று எடுத்து மோந்து, கடித்துப் பாருங்கள். நமுத்துப்போகிற அல்லது காறல் வாடை வருகிற நாளுக்கு மூன்று நாள் முன்னதாகக் கெடு தேதி போடுங்கள். சூடு முழுக்க ஆறாமல் கட்டினால் உள்ளே வியர்த்து, மூன்றே நாளில் நமுத்துவிடும்.

எங்கே கற்றுக்கொள்ளலாம்?

நம் மாவட்டத்தில் சிறுகமணியில் வேளாண் அறிவியல் நிலையம் இருக்கிறது. தஞ்சாவூரில், புதுக்கோட்டை சாலையில், மத்திய அரசின் உணவுத் தொழில்நுட்ப நிறுவனம் இருக்கிறது. அங்கே சிறுதானியப் பலகாரம், பேக்கரி பற்றிய பயிற்சிகள் நடக்கும். ஊரக சுயவேலைவாய்ப்புப் பயிற்சி நிலையத்தில் குழுப் பெண்களுக்கு இலவசமாகவே பயிற்சி தருகிறார்கள். எப்போது நடக்கிறது என்று மகளிர் திட்ட அலுவலகத்தில் கேட்டு, இரண்டு பேராகப் போய்வாருங்கள். மானியத் திட்டங்கள் வருஷத்துக்கு வருஷம் மாறும். அதனால் மாவட்டத் தொழில் மையத்தில் நேரில் விசாரியுங்கள். "மானியம் வாங்கித் தர்றேன், முன்பணம் கொடு" என்று வீட்டுக்கு வருகிறவரை நம்பாதீர்கள்.

கடைசியாக, கூட்டமைப்பின் முன் ஒரு யோசனை வைக்கிறேன். ஏர் ஃபிரையருக்குக் கடன் கேட்கிற ஒவ்வொருவரும் மூன்று காகிதம் கொண்டுவரட்டும். ஒன்றில், சட்டியில் நாலு தடவை சுட்டுப் பார்த்த அளவும் நேரமும். இரண்டாவதில், அவர் ஊர் விலையில் போட்ட அடக்கக் கணக்கு. மூன்றாவதில், வாரா வாரம் வாங்கப்போகிற பதினைந்து பேரின் பெயர். எழுதத் தெரியாதவருக்கு ஊக்குநர் எழுதிக் கொடுக்க வேண்டும். மூன்றும் இருந்தால் தயங்காமல் கடன் கொடுப்போம். இல்லாவிட்டால் "இப்ப வேண்டாம்மா, இன்னும் ரெண்டு மாசம் பழகிட்டு வாங்க" என்று அன்பாகச் சொல்வோம். அடுத்த கூட்டத்தில் இதைத் தீர்மானமாக எழுதலாமா என்று உங்கள் குழுக்களில் பேசி, பதில் கொண்டுவாருங்கள்.